பதிவேட்டிற் கையொப்பம்: ஜனாஸா எரிப்பின் பின்னர் காம்யுவின் 'கொள்ளைநோய்' நாவலை வாசித்தல்

01

கொள்ளைநோயைப் பொருளாகக் கொண்ட நாவல்களுள் அதிகம் பேசப்பட்டது அல்பேர் காம்யுவின் 'கொள்ளைநோய்' எனலாம். 1947இல் பிரெஞ்சு மொழியில் வெளியான இந்நாவல் 2020இல் கொவிட் தொற்றுப் பரவியபோது உலகெங்கும் மீண்டும் தேடி வாசிக்கப்பட்டது. அவ்வேளையில் எழுதப்பட்ட கட்டுரைகள் பெரும்பாலும் டொக்டர் ரியூவின் கடமையுணர்வையும், தாரூ திரட்டிய தொண்டர் படையையும், அபாயத்தின் முன் மனிதர் ஒன்றுபடுவதையும் போற்றின. அவை போற்றத்தக்கனவே. ஆயினும் 2020க்கும் 2021க்கும் இடையில் இந்நாட்டில் வாழ்ந்த ஒரு முஸ்லிம் வாசகனை நிறுத்திவைக்கும் பகுதி அதுவன்று. நாவலின் மூன்றாம் பாகத்தில், இறந்தவர்களை நகரம் என்ன செய்தது என்று கதைசொல்லி விபரிக்கும் அந்தச் சில பக்கங்களே அவனை நிறுத்திவைக்கின்றன.

அப்பக்கங்களில் உணர்ச்சி மிகக் குறைவு. நிருவாக அறிக்கை போன்ற நடை. முதலில் ஓரான் நகரில் சடங்குகள் சுருங்குகின்றன. மையித்துக்கு அருகில் இரவு விழித்திருப்பது தடை செய்யப்படுகின்றது. உறவினர் வருவதற்கு முன்னரே பெட்டி மூடப்படுகின்றது. பின்னர் பெட்டிகளுக்கும் தட்டுப்பாடு. பெட்டியில் கொண்டுபோய் உடலைக் கொட்டிவிட்டு, மருந்து தெளித்து, அதே பெட்டியை மறுபடியும் பயன்படுத்துகின்றனர். தனிக் குழிகள் போய் இரண்டு பெருங்குழிகள் வருகின்றன: ஆண்களுக்கு ஒன்று, பெண்களுக்கு ஒன்று. மரணம் பெருகியபோது அந்தக் கடைசி நாணமும் கைவிடப்பட்டு ஆணும் பெண்ணும் ஒரே குழியில் இடப்படுகின்றனர். இறுதியில் மையவாடியில் இடமே இல்லாதுபோக, நகருக்குக் கிழக்கேயுள்ள பழைய எரியகத்துக்குக் கடலோரத் தண்டவாளத்தில் இரவு ட்ராம் வண்டிகள் உடல்களை ஏற்றிச் செல்கின்றன.

இதற்கிடையில் ஒரு சிறு விபரம். குழிகள் இரண்டாகப் பிரிந்திருந்த கட்டத்தில், உறவினர் ஒரு பதிவேட்டிற் கையொப்பமிடும்படி கேட்கப்படுகின்றனர். மனிதருக்கும் நாய் முதலியவற்றுக்கும் இடையில் இன்னும் எஞ்சியிருக்கும் வேறுபாட்டை அது குறிப்பதாகக் கதைசொல்லி சொல்கின்றார். மனிதனின் சாவு கணக்கில் வரும் என்பது அவரது கருத்து. எள்ளல் தொனியிற் சொல்லப்பட்டாலும், அரசின் சுகாதாரக் கொள்கைக்கும் மனித கௌரவத்துக்கும் இடையிலான எல்லைக்கோடு அந்தப் பதிவேட்டில்தான் வரையப்பட்டிருக்கின்றது. இக்கட்டுரை அந்தக் கையொப்பத்தைப் பின்தொடர்ந்து செல்வது.

02

ஓரானில் எரிப்பது கடைசியாக வந்தது. பெட்டி தீர்ந்து, குழி நிறைந்து, வேறு வழியில்லை என்று ஒவ்வொரு படியாக நிரூபணமான பின்னரே அது வந்தது. கொழும்பில் அது முதலாவதாக வந்தது. இந்த ஒழுங்கு மாற்றமே நமது அனுபவத்தின் சாரம்.

2020 மார்ச் 28இல் இந்நாட்டின் முதலாவது கொவிட் மரணம் நிகழ்ந்தது. ஓரிரு நாட்களில் நீர்கொழும்பில் நிகழ்ந்த இரண்டாவது மரணம் ஒரு முஸ்லிமுடையது. அந்த ஜனாஸா எரிக்கப்பட்டது. அடக்கவும் அனுமதித்திருந்த சுகாதார அமைச்சின் வழிகாட்டல் அதையொட்டித் திருத்தப்பட்டது. ஏப்ரல் 11இல் வெளியான அதிவிசேட வர்த்தமானி எரிப்பதைக் கட்டாயமாக்கியது. உலக சுகாதார ஸ்தாபனம் மார்ச் 24இலேயே அடக்கலாம், எரிக்கலாம் இரண்டும் ஏற்புடையவை என்று வழிகாட்டியிருந்தது. மையவாடிகள் நிறைந்திருக்கவில்லை, பெட்டிகள் தீர்ந்திருக்கவில்லை. நாட்டில் இரண்டே மரணங்கள் நிகழ்ந்திருந்த நிலையில், அறுதித் தேவையின்போது மாத்திரம் எடுக்க வேண்டிய முடிவு முதலாவது முடிவாக எடுக்கப்பட்டது.

நிலத்தடி நீர் மாசுபடும் என்பது சொல்லப்பட்ட காரணம். சுவாசத்தின் வழி பரவும் ஒரு வைரஸ், புதைத்த உடலிலிருந்து நீரில் இறங்கிப் பரவும் என்பதற்கு ஆதாரம் காட்டப்படவில்லை. 2021 ஜனவரியில் இலங்கை மருத்துவச் சங்கம் அடக்குவதை அனுமதிக்கலாம் என்று பகிரங்கமாகக் கூறியது. பொதுச் சுகாதாரத்தின் பெயரால் உரிமைகளைக் கட்டுப்படுத்துவதானால் அது சட்டபூர்வமாகவும், ஆதாரமுடையதாகவும், தேவைக்கு மிஞ்சாததாகவும், உள்ள வழிகளுள் ஆகக் குறைந்த பாதிப்புத் தருவதாகவும் இருக்க வேண்டும் என்பது 1984ஆம் ஆண்டின் சிரகூசா கோட்பாடுகளின் சாரம். அந்த அளவுகோலை இங்கு வைத்துப் பார்க்கப் பெரிய சட்ட அறிவு தேவையில்லை. மரணித்தவரை மண்ணுக்குக் கொடுப்பது சமூகக் கடமையான ஒரு மக்களிடம், வேறு வழி இருக்கும்போதே நெருப்பைத் திணித்தால் அது ஆகக் குறைந்த பாதிப்பாகாது.

இந்த நடவடிக்கைக்கு அடித்தளமாக நின்றது 1897ஆம் ஆண்டின் தனிமைப்படுத்தல், நோய்த்தடுப்புக் கட்டளைச் சட்டம் என்பதும் மனங்கொள்ளத்தக்கது. 1896இல் பம்பாயில் பிளேக் தோன்றியதை அடுத்து, பிரித்தானியப் பேரரசு தன் துறைமுகங்களைக் காக்கப் பதறிய காலத்தின் சட்டம் அது. அதே 1897இல் இந்தியாவிலும் தொற்றுநோய்ச் சட்டம் வந்தது. பூனாவில் சிப்பாய்கள் வீடு வீடாகப் புகுந்து, பெண்களின் அந்தப்புரங்கள்வரை சோதனையிட்டபோது எழுந்த கொதிப்பில், அந்நடவடிக்கைக்குப் பொறுப்பாயிருந்த அதிகாரி ரான்ட் சுடப்பட்டார். குடிமகனின் உடலை முதலில் அபாயமாகவும் பின்னரே மனிதனாகவும் காணும் பார்வை அச்சட்டங்களோடு பிறந்தது. ஆட்சி மாறிற்று, பார்வை மாறவில்லை.

உயர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்யப்பட்ட மனுக்கள் 2020 டிசம்பர் 1இல், காரணம் கூறப்படாமல், பெரும்பான்மை முடிவின்படி விசாரணைக்கு எடுக்கப்படாது தள்ளுபடியாகின. அதன் பிறகுதான் காம்யுவின் பதிவேடு நம் முன் வேறு வடிவில் வந்தது. குடும்பங்கள் ஜனாஸாக்களைப் பொறுப்பேற்க மறுத்தன. பெட்டி கொடுக்க மறுத்தன. கையொப்பமிட மறுத்தன. பொறுப்பேற்கப்படாத உடல்களைத் தனிமைப்படுத்தற் சட்டத்தின் கீழ் எரிக்கலாம் என்று சட்ட மா அதிபர் ஆலோசனை வழங்கினார். டிசம்பர் 9இல், பெற்றோரின் சம்மதமின்றி, பிறந்து 20 நாட்களேயான ஒரு குழந்தை பொரளையில் எரிக்கப்பட்டது. அதன் பின்னர் பொரளை மயானத்தின் வேலியில் மக்கள் வந்து கட்டிய வெள்ளைத் துணிகள் யாவரும் அறிந்தவை.

காம்யுவின் நகரில் கையொப்பமிடுவது மனிதனின் கடைசிக் கௌரவம். இங்கே கையொப்பமிட மறுப்பதே கடைசிக் கௌரவமாயிற்று. இரண்டு இடத்திலும் பதிவேடு ஒன்றுதான். ஓரானில் அது மனிதனைக் கணக்கில் எடுத்தது. இங்கே அது மனிதனைத் தன் இழிவுக்குத் தானே சாட்சியாக நிற்கக் கேட்டது. மறுத்தவர்கள் கவிஞர்களல்லர்; சாதாரண தாய் தந்தையர். எனினும் அந்தக் காலத்தின் மிகக் கூர்மையான விமர்சனம் அந்த வெற்றுக் கோட்டில் எழுதப்படாத பெயரே என்பேன்.

03

இனி நாவலிடமே திரும்பி ஒரு கேள்வி கேட்க வேண்டியிருக்கின்றது. அந்தக் குழிகளில் இடப்பட்ட முஸ்லிம்கள் எங்கே?

ஓரான் அல்ஜீரியாவின் நகரம். அக்காலத்தில் அங்கு ஐரோப்பியரே கூடுதலாக இருந்தனர் என்பது உண்மை. முஸ்லிம்களும் கணிசமாக இருந்தனர். ஆயினும் நாவலில் பெயருள்ள அரபியர் ஒருவரும் இல்லை. கிறிஸ்தவப் பாதிரியார் பனலூ இரண்டு நெடும் பிரசங்கங்கள் நிகழ்த்துகின்றார். ஓர் இமாமின் குரலும் கேட்பதில்லை. ட்ராம் வண்டி எரியகத்துக்குப் போகும்போது, அதில் கிடக்கும் ஒரு முஸ்லிமின் வீட்டில் என்ன நடந்திருக்கும் என்ற கேள்வி நாவலாசிரியருக்கு எழவே இல்லை. ஐரோப்பியருக்குச் சடங்கு சுருங்கிய துயரம் பக்கம் பக்கமாக விபரிக்கப்படுகின்றது. அரபியருக்கு இழப்பதற்குச் சடங்கு ஒன்று இருந்ததாகவே தெரியவில்லை.

காம்யு அறியாதவரல்லர். 1939இல் கபீலியா மக்களின் வறுமையைப் பற்றி 'அல்ஜே ரெப்புப்ளிக்கேன்' பத்திரிகையில் தொடராக எழுதியவர் அவர். நாவலின் தொடக்கத்திலேயே அந்த அறிவின் நிழல் விழுகின்றது. பாரிஸிலிருந்து வந்த பத்திரிகையாளர் ரம்பேர், அரபியரின் வாழ்க்கை நிலை பற்றி விசாரிக்க டொக்டர் ரியூவிடம் வருகின்றார். முழு உண்மையையும் எழுத உங்களால் முடியுமா என்று ரியூ கேட்கின்றார். முழுமையான கண்டனமாக எழுத முடியாது என்கின்றார் ரம்பேர். அப்படியானால் என்னிடமிருந்து தகவல் இல்லை என்று ரியூ மறுத்துவிட்டு, நகரில் எலிகள் செத்துக் கிடப்பது எழுதத்தக்க விடயம் என்று திருப்பிவிடுகின்றார். நேர்மையான ஒரு மறுப்பு. ஆனால் அத்துடன் அரபியர் நாவலை விட்டே வெளியேறிவிடுகின்றனர். அரைகுறை உண்மையை ஏற்க மறுத்த நாவல், முழு மௌனத்தை ஏற்றுக்கொள்கின்றது.

1970இல் கோனர் குரூஸ் ஓப்ரியனும், பின்னர் எட்வர்ட் சயீதும் காம்யுவின் எழுத்தில் அரபியர் இல்லாமையை விமர்சித்தனர். நாஸி ஆக்கிரமிப்பின் உருவகமே இந்நாவல், அதில் சமூகவியல் விபரம் தேடலாகாது என்று சொல்வோரும் உளர். அவ்வாதத்தை முற்றாகத் தள்ளிவிட முடியாது. ஆனால் உருவகத்துக்கும் ஓர் ஊர் தேவைப்படுகின்றது. உண்மையான ஊரைத் தேர்ந்துவிட்டு, அதன் மக்களுள் ஒரு பகுதியினரை இறந்தோர் கணக்கிலும் சேர்க்காது விடுவது கலையின் சுதந்திரத்துக்குள் மாத்திரம் அடங்குவதன்று. அது அறம் சார்ந்த கேள்வியுமாகும். ஓரானில் வாழ்ந்த எழுத்தாளர் கமால் தாவூத் 2013இல் வெளியிட்ட நாவல், காம்யுவின் 'அந்நிய'னிற் கொல்லப்பட்ட பெயரற்ற அரபிக்கு மூஸா என்று பெயர் வைத்தது. அந்நாவலிலும் மூஸாவின் உடல் குடும்பத்துக்குக் கிடைப்பதில்லை. பெயரும் கப்றும் இல்லாமற்போனவனுக்கு முதலிற் பெயரையாவது கொடுப்பதே அதன் பணி.

'கொள்ளைநோய்' பெரிய நாவல்தான். மனிதர் தம் பக்கத்து மனிதரை விட்டு ஓடாமல் நிற்பதன் மாண்பை அதுபோலச் சொன்ன நூல்கள் குறைவு. அதன் குறை, பக்கத்து மனிதர் யார் என்று பார்த்த பார்வையிலேயே இருக்கின்றது.

04

கொள்ளைநோயை எழுதும்போது கொள்கையையும் எழுத முடியுமா? முடியும் என்பதற்கு இரண்டு பழைய சான்றுகள் உள்ளன.

ஒன்று, 1722இல் வெளியான டானியல் டெஃபோவின் நூல். 1665இன் லண்டன் பிளேக்கை ஒரு சேணம் செய்பவனின் வாய்மொழியாக அது கூறுகின்றது. ஒருவருக்கு நோய் கண்டால் வீட்டார் அனைவரையும் உள்ளே வைத்துப் பூட்டிக் கதவிற் செஞ்சிலுவை வரைந்து காவல் போடும் கொள்கையை அக்கதைசொல்லி திரும்பத் திரும்ப உரைத்துப் பார்க்கின்றான். பொது நன்மைக்கென்று சொல்லப்பட்ட அது பயன் தந்ததா? நோயற்றவரையும் நோயாளியோடு பூட்டியதால் எத்தனை பேர் செத்தனர்? காவலாளியை ஏமாற்றித் தப்பியோர் நோயை எங்கெல்லாம் கொண்டு போயினர்? மரணக் கணக்குப் பட்டியல்களையும் அவன் நம்புவதில்லை. சட்டத்தாற் துன்புறுத்தப்பட்ட குவேக்கர் சபையினருக்குக்கூட அக்காலத்திற் தமக்கெனத் தனி மையவாடியும் தனிப் பிண வண்டியும் இருந்ததை அந்நூல் குறிப்பிடுகின்றது. 1665இல் லண்டன் தான் வெறுத்த ஒரு சிறுபான்மைக்கு விட்டுவைத்த மண் அது.

மற்றது நமது மரபிலிருந்து. ஹதீஸ் கலையின் பேரறிஞர் இப்னு ஹஜர் அல் அஸ்கலானி தமது பெண் மக்கள் மூவரைப் பிளேக்கிற்குப் பறிகொடுத்தவர். மூத்தவர் மரணித்த ஹிஜ்ரி 833இலேயே, பிளேக் பற்றிய தமது 'பத்லுல் மாஊன்' நூலை அவர் நிறைவு செய்தார். அதே ஆண்டில் கெய்ரோ மக்கள் நோன்பு நோற்று, திறந்தவெளியிற் திரண்டு துஆச் செய்தனர். அதற்கு முன் நாளொன்றுக்கு நாற்பதுக்கும் குறைவாக இருந்த மரணம், அம்மாதம் முடிவதற்குள் ஆயிரத்தைத் தாண்டியதை அவர் மறைக்காமற் பதிவு செய்கின்றார். நோயால் மரணித்தவருக்கு ஷஹீதின் அந்தஸ்து உண்டு என்று நம்பும் ஒரு மார்க்க அறிஞர், தம் மக்களின் பக்தியால் நேர்ந்த விளைவையும் எண்ணிக்கையோடு எழுதுகின்றார். துயரம் அவருடைய கணக்கைக் குழப்பவில்லை; கணக்கு அவருடைய துயரத்தை உலர்த்தவுமில்லை. 2020 மார்ச்சில் இந்நாட்டின் உலமாக்கள் பள்ளிவாசல்களை மூடச் சொன்னபோது புதிதாக எதையும் கண்டுபிடிக்கவில்லை. அந்த மரபின் வழியே நின்றனர். அடக்கக் கேட்ட சமூகம் விஞ்ஞானத்துக்கு எதிரான சமூகம் என்று சில ஊடகங்கள் வரைந்த சித்திரத்துக்கு இதுவே பதில்.

05

இந்த மூவரையும் முன்வைத்து நமது எழுத்தை நோக்குவோமாயின் சில விடயங்களைத் தயக்கமின்றிச் சொல்ல வேண்டும். ஜனாஸா எரிப்புக் காலத்தில் முகநூலிலும் பத்திரிகைகளிலும் எழுந்த கவிதைகள் ஏராளம். அவை எழுந்தே ஆக வேண்டியவை. தீ, சாம்பல், வெள்ளைத் துணி, தாயின் மடி என்ற படிமங்கள் அவற்றில் மீண்டும் மீண்டும் வந்தன. ஓலமாக அவை உண்மையானவை. எனினும் பெரும்பாலானவை ஓலத்தோடு நின்றுவிட்டன. அந்த உத்தரவு எந்த மேசையில் எழுதப்பட்டது, எந்தச் சொல்லால் நியாயம் பெற்றது, எந்த எழுதுவினைஞர் அதைத் தட்டச்சு செய்தார், எந்த வைத்தியர் அதை ஏற்காமலே மௌனமாயிருந்தார் என்று விசாரிக்கும் புனைகதை அரிது. காம்யுவின் மூன்றாம் பாகத்தில் இருக்கும் அந்த நிருவாக நடை நமக்குத் தேவை. கொடுமை கண்ணீரோடு மாத்திரம் வருவதில்லை, சுற்றறிக்கையோடும் வருகின்றது.

இரண்டாவது விடயம் இதைவிடக் கடினமானது. 2021 பெப்ரவரி 25ஆம் திகதிய வர்த்தமானி அடக்குவதை அனுமதித்தது. மார்ச் தொடக்கத்தில் அதற்கான இடமாக இரணைதீவு அறிவிக்கப்பட்டது. யுத்தத்தில் 1992இல் இடம்பெயர்ந்து, கடற்படையிடமிருந்து தம் தீவை மீட்கப் போராடி, 2018இல் தாமே படகேறிப் போய்க் குடியமர்ந்த கத்தோலிக்க மீனவ மக்களின் மண் அது. அவர்களிடம் யாரும் கேட்கவில்லை. அவர்கள் எதிர்த்தனர். நமக்கு எதிராக எழுப்பப்பட்ட அதே நீர் பற்றிய அச்சம் அவர்களது வாயிலும் வந்தது. அதைக் கேட்டு நம்மவர் சிலர் மனம் நொந்தனர். ஆனால் அந்த மக்களின் கோபத்தை உள்ளிருந்து எழுதிய கதை நம்மிடம் எங்கே? இரு சிறுபான்மைகளை ஒரு கப்றின் இருபுறமும் எதிரெதிராக நிறுத்திய கொள்கையின் கொடூரம் அந்தத் தீவில்தான் முழுமையாகத் தெரிந்தது. அதை எழுதாது விடுவது ரம்பேர் அரபியரை விட்டுவிட்டு எலிகளை எழுதப்போனதற்கு ஒப்பானது.

பின்னர் ஓட்டமாவடி, மஜ்மா நகர். 2021 மார்ச் 5 முதல் ஓர் ஆண்டு காலத்தில் அங்கு அடக்கப்பட்டோர் 3,634 பேர். அவர்களுள் முஸ்லிம்கள் 2,992, பௌத்தர்கள் 287, இந்துக்கள் 270, கிறிஸ்தவர்கள் 85. மண்ணைக் கேட்டுப் போராடியது முஸ்லிம்கள் என்றாலும், கிடைத்த மண்ணில் 642 பிற சமயத்தவரும் உறங்குகின்றனர் என்பதை இவ்வெண்கள் சொல்கின்றன. தம் ஊரிலிருந்து பலநூறு கிலோமீற்றர் தூரத்தில், இராணுவப் பாதுகாப்புடன், ஓரிரு உறவினரின் முன் அடக்கப்பட்ட ஒரு சிங்களத் தகப்பனின் மகன் வாழைச்சேனை வழியாக அந்த மையவாடிக்கு வரும் கதையை யார் எழுதுவது? தன் பயிர்க்காணி மையவாடியாக மாறியதைக் கண்டு, கொடுத்த மனத்தோடும் இழந்த மனத்தோடும் நிற்கும் மஜ்மா நகர் விவசாயியை யார் எழுதுவது? அவர்களை எழுதத் தவறினால், தன் துயரத்தை முழு நகரத்தின் துயரமாக எழுதிய காம்யுவை விமர்சிக்கும் தகுதியும் நமக்குக் குறைந்துவிடும்.

2024 ஜூலையில் அமைச்சரவை கட்டாய எரிப்புக்காக மன்னிப்புக் கோரத் தீர்மானித்தது. நீரில் வைரஸ் பரவியதற்குச் சான்றில்லை என்று ஆய்வுகள் கூறியதையும் ஏற்றுக்கொண்டது. எரிக்கப்பட்ட முஸ்லிம்கள் 276 பேர் என்று சொல்லப்பட்டது. மன்னிப்பு வேண்டியதுதான். ஆனால் மன்னிப்பும் ஒரு பதிவேடு. அதிலே யார் கையொப்பமிட்டார், எதற்காக, யாரைப் பொறுப்பாக்கி என்பன விடைபெறாத கேள்விகளாகவே உள்ளன. எரிக்கப்பட்டோருள் முஸ்லிம் அல்லாத, எனினும் அடக்கம் விரும்பிய கிறிஸ்தவக் குடும்பங்களும் இருந்தன என்பதை அந்த 276 என்ற எண் சொல்வதில்லை.

எண்களுக்குச் சொல்லத் தெரியாததைச் சொல்வதற்காகவே இலக்கியம் இருக்கின்றது. அடுத்த கொள்ளைநோய் வரும்போது அதிகாரி ஒருவர் மேசையில் இருந்து எந்த உடலை என்ன செய்வது என்று தீர்மானிக்கத்தான் போகின்றார். அவர் முன் சட்டமும் சுற்றறிக்கையும் இருக்கும். பொரளையில் நிரப்பப்படாதிருந்த கையொப்பக் கோடும், இரணைதீவுக் கரையில் நின்ற மீனவப் பெண்ணும், மஜ்மா நகரில் அருகருகே கிடக்கும் நான்கு சமயத்தவரும் அவர் வாசித்த கதைகளாகவும் இருந்தால், அவருடைய பேனை ஒரு கணம் தாமதிக்கக்கூடும். அக்கதைகளில் நமது மையித்து மாத்திரம் இருந்தாற் போதாது.